கொழுந்துக் கூடையும் காமிராவும்

இலங்கையைப் பற்றி எடுக்கப்பட்ட விவரணப் படங்களுள் உலகப் புகழ் வாய்ந்தது எது என்று வினவினால், சினிமாக் கலையின் வரலாற்றை அறிந்தோர் பெரும்பாலும் ஒரே பெயரைத்தான் சொல்வர். 'இலங்கையின் பாடல்' என்பது அப்படத்தின் பெயர். பேஸில் ரைட் என்னும் ஆங்கில இளைஞர் 1934 இல் இயக்கியது. விவரணப் பட இயக்கத்தின் தந்தை எனப்படும் ஜோன் கிரியர்சன் தயாரித்தது. அடுத்த ஆண்டில் புரூசெல்ஸ் திரைப்பட விழாவிலே அது முதற் பரிசைத் தட்டிக்கொண்டது. கிரஹாம் கிறீன் போன்ற எழுத்தாளர்கள் அதனை வாயாரப் புகழ்ந்தனர். தொண்ணூறு ஆண்டுகள் கழிந்த பின்னரும் சினிமா பயிலும் மாணவருக்கு அது பாடமாக இருந்து வருகின்றது. நாமும் அதனைக் கண்டு வியந்தோம். அவ்வியப்பு அடங்கிய பின் எழுந்த சில வினாக்களையே இங்கு எழுத முற்படுகின்றோம்.

முதலில் ஒரு செய்தியைச் சொல்லிவிட வேண்டும். இப்படத்துக்குப் பணம் கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. தேயிலையை விற்பதற்காகவே அமைந்த சபை அது. இலங்கையைப் பற்றி நான்கு சிறு படங்கள் எடுத்து வருமாறு ரைட் அனுப்பப்பட்டார். அவரோ நான்கையும் இணைத்து, ஏறத்தாழ நாற்பது நிமிடம் ஓடும் ஒரே காவியமாக்கிவிட்டார். விளம்பரத்துக்கென்று கொடுக்கப்பட்ட பணத்திலிருந்து ஒரு கலைப் படைப்பு பிறந்தது என்பது கலைஞனின் வெற்றிதான். அதனை மறுப்பது எமது நோக்கமன்று.

படம் நான்கு பகுதிகளாக அமைந்தது. புத்த சமயம் பற்றிய முதற் பகுதியில், சிவனொளிபாத மலையை நோக்கி முதியோரும் இளையோரும் ஏறிச் செல்கின்றனர். மணியோசை எழும்ப, ஒரு பறவை நீர்ப்பரப்பின் மீது பறந்து செல்லும் அந்தக் காட்சியை ஒருமுறை கண்டவர் மறக்கமாட்டார். இரண்டாம் பகுதி கிராம வாழ்வைக் காட்டுகின்றது: மண்பாண்டம் வனைதல், வயல் வேலை, சிறுவருக்கு நடனம் பயிற்றுதல். மூன்றாம் பகுதியின் பெயர் வர்த்தகத்தின் குரல்கள். நான்காம் பகுதியில், கல்லிற் செதுக்கிய புத்தர் முன்னே தனியனாக ஒரு மனிதன் காணிக்கை வைக்கின்றான். கண்டி நடனத்தோடு படம் நிறைவெய்துகின்றது. ஒலியையும் ஒளியையும் இணைத்த விதத்திலே அக்காலத்தில் இதற்கு நிகரான படங்கள் மிகச் சிலவே.

இனி எமது வினாவுக்கு வருவோம். படத்திலே ஒலிக்கும் உரை யாருடையது? றொபேட் நொக்ஸ் என்னும் ஆங்கில மாலுமியினுடையது. 1660 இல் கண்டி மன்னனின் ஆட்களிடம் சிறைப்பட்டு, பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேல் கண்டி இராச்சியத்தில் வாழ்ந்து, 1679 இல் தப்பிச் சென்று, 1681 இல் நூலை அச்சிட்டவர் அவர். அவருடைய பழைய ஆங்கிலத்தை, கொழும்புக் கலைஞர் லயனல் வெண்டின் நிதானமான குரலிலே கேட்கின்றோம். கேட்க இனிமையாகத்தான் இருக்கின்றது. ஆயினும் நொக்ஸின் இலங்கையில் தேயிலை இல்லை. ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்தரையில் தேயிலைப் பயிரைத் தொழிலாகத் தொடங்கியது 1867 இல். அதாவது நொக்ஸின் நூல் வெளிவந்து 186 ஆண்டுகளுக்குப் பின். அதற்கு முன்னரே கோப்பித் தோட்டங்களுக்கெனத் தென்னிந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட மக்களும் அவர் கண்ணிற் பட்டிருக்க முடியாது. நொக்ஸின் சொற்களைப் படத்தின் மொழியாகத் தெரிந்தெடுத்த அந்தக் கணத்திலேயே, படத்துக்குப் பணம் தந்த தேயிலையை உண்டாக்கிய மக்களுக்கு அதிலே சொல் இல்லை என்பதும் தீர்மானமாகிவிட்டது. இது தற்செயலா, திட்டமா என்று ஆராய்வதிற் பயனில்லை, விளைவு ஒன்றே.

நாம் அநியாயமாகக் குறை கூறுகின்றோம் என்று சில நண்பர்கள் கருதக்கூடும். மூன்றாம் பகுதியில் கொழுந்து கிள்ளும் பெண்கள் வருகின்றார்களே என்பர். வருகின்றார்கள். அதுமட்டுமன்று, அந்தப் பகுதியே இப்படத்தின் மிக நேர்மையான பகுதி என்பதும் எமது கருத்து. கூடை சுமந்த பெண்களையும் தென்னை மரத்தில் ஏறுபவனையும் திரையிலே காட்டிக்கொண்டே, சந்தை விலைகளையும் வியாபாரக் கடிதங்களின் வாசகங்களையும் உணர்ச்சியற்ற குரல்கள் படித்துச் செல்லுமாறு ரைட் அமைத்துள்ளார். ஒரு பெண்ணின் விரல் நுனியிலிருந்து லண்டன் ஏலத்துக்கு எத்தனை தூரம், எத்தனை அருகு என்பதைச் சொற்பொழிவு எதுவுமின்றி அது காட்டுகின்றது. தமக்குப் பணம் தந்தவர்களின் குரலை இப்படி வறட்சியாக ஒலிக்கச் செய்ததற்கு உண்மையிலேயே துணிச்சல் வேண்டும். ஆனாலும் பாருங்கள்: அங்கும் பேசுவது விலைதான், கொழுந்து எடுப்பவள் அல்லள். வணிகனுக்குக் குரல் உண்டு. நொக்ஸுக்குக் குரல் உண்டு. அவளுக்கு விரல்கள் மாத்திரமே உண்டு.

அக்காலத்தில் வெளியிடங்களில் ஒலிப்பதிவு செய்வது கடினமாயிற்றே, ஒலி முழுவதும் பின்னர் லண்டனில்தானே சேர்க்கப்பட்டது என்று சமாதானம் கூறலாம். உண்மைதான். ஆனால் அடுத்த ஆண்டிலே, அதே கிரியர்சன் குழுவைச் சேர்ந்த ஆதர் எல்டனும் எட்கார் அன்ஸ்டியும் 'வீட்டுப் பிரச்சினைகள்' என்று ஒரு படம் எடுத்தார்கள். லண்டன் ஸ்டெப்னியின் சேரிகளிலே காமிராவையும் ஒலிப்பதிவுக் கருவியையும் கொண்டுபோய் வைத்து, எலித் தொல்லையையும் இடிந்து விழும் சுவரையும் பற்றி அங்கே குடியிருந்தவர்களையே நேருக்கு நேர் பேசவைத்தார்கள். அப்படத்துக்குப் பணம் கொடுத்ததும் வர்த்தகர்கள்தாம், எரிவாயு விற்பவர்கள். ஆகவே, முதலாளி பணம் தந்தால் தொழிலாளியைப் பேசவைக்க முடியாது என்ற வாதம் நிற்கவில்லை. ஸ்டெப்னியின் ஏழைக்கு வாக்குரிமை இருந்தது. அவன் குறை பாராளுமன்றத்தின் காதில் விழவேண்டிய குறை. லயத்திலே பத்தடி அறையொன்றில் ஒரு குடும்பம் முழுதும் முடங்கிக் கிடந்ததும் வீட்டுப் பிரச்சினைதானே? அது ஏன் பாட்டாயிற்று, இது ஏன் பேச்சாயிற்று? காலனி நாட்டு மனிதனை இயற்கையோடு சேர்த்துப் பார்ப்பது, சொந்த நாட்டு ஏழையைச் சமூகத்தோடு சேர்த்துப் பார்ப்பது என்னும் இரட்டைப் பார்வை, நல்ல மனம் படைத்த முற்போக்குக் கலைஞரிடமும் இருந்தது என்பதே இதன் பொருள். ரைட் தீயவர் அல்லர். அதனாலேயே இதைச் சொல்ல வேண்டியிருக்கின்றது.

இப்போது ஊவாவின் கிழக்கு ஓரத்துக்கு வருவோம். பதுளையிலிருந்து பசறை வழியாகப் பிபிலைக்கு இறங்கும் பாதையில் லுணுகலை இருக்கின்றது. மேலே மடுல்சீமை மலைத்தொடர். கீழே வெல்லஸ்ஸைச் சமவெளி. அப்பால் அந்தப் பாதை செங்கலடிவரை சென்று கிழக்குக் கரையைத் தொடுகின்றது. மலைநாடு முடிந்து உலர்நாடு தொடங்கும் வாசற்படி என்று லுணுகலையைச் சொல்லலாம். ஹொப்டன், அடாவத்தை முதலிய தோட்டங்கள் சூழ்ந்த இப்பகுதிக்குப் படம் பிடிக்க வருகின்றவன் காண்பது பச்சைக் கம்பளம் போர்த்த சரிவுகள், மூடுபனி, வளைந்து செல்லும் பாதை. "இயற்கை அன்னையின் எழில்" என்று அவன் எழுதிவிடுவான். எமது ஆட்சேபம் இங்கேதான் தொடங்குகின்றது. அந்த எழிலில் இயற்கை அன்னையின் பங்கு எவ்வளவு?

தேயிலை இயல்பிலே மரம். அதன் போக்கில் விட்டால் முப்பதடிக்கு மேலும் வளர்ந்துவிடும். அதை இடுப்பளவில் நிறுத்தி, மேசைபோல் மட்டப்படுத்தி, மலை முழுவதையும் ஒரே பரப்பாகக் காட்டுவது மனிதக் கை. சில ஆண்டுகளுக்கு ஒருமுறை ஆண்கள் கவ்வாத்துக் கத்தியால் செடிகளை வெட்டிக் குறைக்கின்றார்கள். வாரத்துக்கொருமுறை பெண்கள் அதே மலைக்குத் திரும்பி வந்து, மட்டக்கம்பை வைத்து, அதற்கு மேல் எழுந்த இரண்டிலையும் மொட்டும் கிள்ளுகின்றார்கள். மண் கரைந்து ஓடாதிருக்கக் குறுக்கே கான் வெட்டியவர்களும், கல் அடுக்கிக் கட்டியவர்களும், பாதை போட்டவர்களும் அவர்களுடைய பாட்டன்மார். காமிரா 'நிலக்காட்சி' என்று பிடிப்பது, உண்மையில் ஐந்தாறு தலைமுறை உழைப்பின் படம். ஓவியத்தைக் காட்டிவிட்டு ஓவியன் பெயரை மறைப்பது திருட்டு என்றால், இதை என்னவென்று சொல்வது?

காற்றும்கூட இங்கே வெறும் காற்றன்று. ஆடி ஆவணி மாதங்களில் மலையைக் கடந்து வரும் வறண்ட கச்சான் காற்றிலேதான் ஊவாத் தேயிலை தன் பெயர்பெற்ற வாசனையைப் பெறுகின்றது. அந்தப் பருவத்துத் தேயிலைக்கு ஏலத்தில் தனி மதிப்பு. ஆனால் வறட்சியில் கொழுந்து குறையும். கொழுந்து குறைந்தால் மடுவத்தில் நிறுவை குறையும். நிறுவை குறைந்தால் முழுப்பேர் அரைப்பேராகிவிடும். ஒரே காற்று வாங்குபவனுக்கு வாசனையாகவும், எடுப்பவளுக்குச் சம்பளக் குறைவாகவும் வீசுகின்றது. பனி படர்ந்த மலையைப் பத்து நிமிடம் காட்டும் எந்தப் படமும் இந்த ஒரு செய்தியைக் காட்டியதாக நாம் அறியோம்.

நிலத்துக்கு இன்னொரு பழைய கதையும் உண்டு. 1818 இல் ஊவா வெல்லஸ்ஸைக் கிளர்ச்சி நசுக்கப்பட்டபோது வயல்களும் குளங்களும் பாழாயின. 1840 ஆம் ஆண்டின் முடிக்குரிய காணிச் சட்டம், உறுதிப் பத்திரம் காட்ட முடியாத காடுகளையும் சேனை நிலங்களையும் அரசுடைமை என்றது. அவை பின்னர் தோட்டங்களாயின. சிங்களக் குடியானவன் இழந்த மலையில் தமிழ்க் கூலி நிறுத்தப்பட்டான். இழந்தவனையும் நிறுத்தப்பட்டவனையும் எதிரெதிரே வைத்துப் பார்க்கும் பழக்கம் பிற்காலத்து அரசியல் எமக்குத் தந்தது. 'இலங்கையின் பாடல்' கிராமத்தையும் தோட்டத்தையும் வெவ்வேறு பகுதிகளாகப் பிரித்து, முன்னதைத் தெய்வீகமாகவும் பின்னதை வர்த்தகமாகவும் காட்டியதில் இந்தப் பழக்கத்தின் வித்து கிடக்கின்றது. ஒரே மலையின் மேல்பக்கமும் கீழ்பக்கமும் என்று காட்டியிருந்தால் அது வேறு படமாகியிருக்கும்.

படத்தில் மௌனமாக இருந்தவர்கள் வாழ்விலும் மௌனமாக இருந்தார்களா என்றால், இல்லை. 1931 இல் கோ. நடேசய்யர் அட்டனில் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை நிறுவியிருந்தார். அவர் துணைவியார் மீனாட்சியம்மாள் தோட்டந்தோறும் சென்று, மக்களறிந்த மெட்டுக்களில் தாமே பாட்டுக் கட்டிப் பாடினார். அப்பாடல்கள் 1940 இல் நூலாகவும் வந்தன. ரைட்டின் காமிரா இலங்கையின் பாடலைத் தேடி அலைந்த காலத்தில், இலங்கையின் மலைகளில் பாடல் ஒலித்துக்கொண்டுதான் இருந்தது. கடலுக்கு அப்பால், தோட்டத்தைக் கண்ணாலும் கண்டிராத புதுமைப்பித்தன் 1935 இல் 'துன்பக்கேணி'யை எழுதினார். பதுளைக்கு அருகே வேவெஸ்ஸ தோட்டத்தில் 1940 இல் தொழிலாளர் தமக்கென்று ஒரு சபையைத் தெரிவு செய்து, அடக்க வந்த பொலிஸாரின் ஆயுதங்களையே பறித்தார்கள். இவர்களா பேசத் தெரியாதவர்கள்?

லயனல் வெண்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. வழக்கறிஞர், பியானோக் கலைஞர், புகைப்படக் கலைஞர். 1943 இல் தோன்றிய '43 குழு' ஓவியர்களின் உயிர்நாடி. 1944 இல் நாற்பத்து நான்கு வயதில் மறைந்தார். அவருடைய புகைப்படங்களில் இந்நாட்டு உழைப்பாளரின் உடலுக்கு ஒரு சிற்பத்தின் மாண்பு கிடைத்தது. அதுவரை 'சுதேசிகள்' என்று ஆல்பங்களில் ஒட்டப்பட்டவர்களை மனிதராகப் பார்த்த கண் அது. ஆனால் சிற்பம் பேசுவதில்லை என்பதும் உண்மை. வெண்டின் அழகுணர்ச்சியை மெச்சுகின்ற எமக்கு, அந்த அழகுணர்ச்சி உழைப்பிலிருந்து உடலைப் பிரித்தெடுத்துவிடுகின்றதோ என்ற ஐயமும் எழாமலில்லை.

சுதந்திரத்தின் பின்னர் நிலைமை மாறியிருக்க வேண்டும். 1956 இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ' படத்தை ஸ்டூடியோவுக்கு வெளியே, உண்மைக் கிராமத்தில், உண்மை வெயிலில் எடுத்துச் சிங்களச் சினிமாவுக்குப் புது வழி காட்டினார். அதன்மூலம் சிங்களக் கிராமத்துக்குத் திரையிலே ஒரு முகம் கிடைத்தது. தோட்டத்துக்குக் கிடைக்கவில்லை. அது வியப்புமன்று: 1948 இன் பிரசாவுரிமைச் சட்டம் மலையக மக்களிற் பெரும்பாலோரை நாடற்றவராக்கியிருந்தது. 1964 ஒக்டோபரில் சிறிமாவும் சாஸ்திரியும் ஒப்பமிட்டு, ஐந்து இலட்சத்து இருபத்தையாயிரம் பேர் அங்கே, மூன்று இலட்சம் பேர் இங்கே என்று தலைகளைப் பங்கிட்டனர். குடிமகனல்லாதவன் தேசத்தின் திரையில் எப்படித் தோன்றுவான்? 1975 இல் வி. பி. கணேசன் 'புதிய காற்று' படத்தை உருவாக்கித் தோட்டத் தொழிலாளியைக் கதைத் தலைவனாக்கினார். தென்னிந்திய வணிகப் படத்தின் நிழல் அதன்மேல் விழுந்திருந்தபோதிலும், அந்த முயற்சிக்கு எமது மரியாதை உண்டு. பின்னர் நெடிய இடைவெளி. 2013 இல் சிவமோகன் சுமதி 'இங்கிருந்து' என்னும் படத்தைத் தந்தார். அந்தப் பெயரே ஒரு வாதம். எங்கிருந்து வந்தாய் என்று ஒன்றரை நூற்றாண்டாகக் கேட்கப்பட்ட மக்கள், இங்கிருந்துதான் என்று விடை சொல்லும் பெயர் அது. அதே ஆண்டில் தமிழ்நாட்டில் வந்த பாலாவின் 'பரதேசி'யில் தேயிலை மலை வெறும் சிறையாகவே காட்சியளித்தது. கொடுமையைக் காட்ட அது போதும். ஆனால் அந்த மலையில் மனிதர் பிள்ளை பெற்று வளர்த்தார்கள், கோயில் கட்டினார்கள், சங்கம் அமைத்தார்கள் என்பதைக் காட்ட அது போதாது.

பதுளை மாவட்டத்தைப் படம் பிடிப்போருக்கு இன்று குறைவில்லை. எல்லவின் ஒன்பது வளைவுப் பாலத்தில் ரயில் வரும் நேரத்தில் கூடும் காமிராக்களை எண்ணி முடியாது. கொழுந்து எடுப்பவளைச் சற்றே திரும்பிச் சிரிக்கச் சொல்லிப் படம் எடுத்துப் போகின்றவர்கள், தேயிலைப் பிரசார சபையின் வேலையைச் சம்பளமின்றியே செய்கின்றார்கள். மறுபுறம், இம்மக்களின் முகங்கள் செய்தியாக வேண்டுமானால் மலை சரிய வேண்டும். 2014 ஒக்டோபர் 29 ஆம் திகதி கொஸ்லாந்தை மீரியபெத்தையில் லயங்கள் மண்ணோடு போனபோது தொலைக்காட்சிகள் வந்தன. 2021 மார்ச் 20 ஆம் திகதி லுணுகலையிலிருந்து கொழும்புக்குப் புறப்பட்ட பஸ் பசறைக்கு அருகே, பாதையில் விழுந்து கிடந்த பாறையை ஒட்டிச் செல்ல முயன்று பள்ளத்தில் உருண்டது. குறைந்தது பதினான்கு பேர் மாண்டனர். எதிரே நின்ற வாகனமொன்றின் காமிராவில் பதிந்த அந்தச் சில விநாடிகளை நாடே பார்த்தது. லுணுகலைப் பாதையைப் பற்றி மிகப் பெரும்பாலோர் கண்ட ஒரே படம் அதுவாகத்தான் இருக்கும். அதை எடுத்தவன் கலைஞனல்லன், இயந்திரம். அழகிய மலைக்கும் சரியும் மலைக்கும் நடுவே, மக்கள் வாழ்கின்ற மலை என்று ஒன்றிருப்பதை எந்தக் காமிரா காட்டும்?

இந்தப் பணியைப் பெரிய நிறுவனங்களிடம் எதிர்பார்த்து நாம் காத்திருக்க வேண்டியதில்லை. சி. வி. வேலுப்பிள்ளை மலைநாட்டு மக்கள் பாடல்களைத் திரட்டி 1983 இல் நூலாக்கியபோது அவரிடம் எந்த நிறுவனமும் இருக்கவில்லை. தோட்டம் தோட்டமாக நடக்கும் கால்களும், கேட்கும் காதும் இருந்தன. இன்று தோட்டப் பாடசாலை ஆசிரியர் ஒவ்வொருவரின் சட்டைப் பையிலும் காமிரா இருக்கின்றது. குறைவது கருவியன்று, எதைப் பார்ப்பது என்ற தெளிவு.

உதாரணமாக, காமன் கூத்து. ரைட்டின் படத்தில் கண்டி நடனத்துக்குக் கிடைத்த இடத்தை நினைத்துப் பாருங்கள். அதே மலைகளில் மாசி மாதந்தோறும் ஆடப்பட்டு வந்த காமன் கூத்து அப்படத்தின் உலகத்திலேயே இல்லை. ரதியும் மன்மதனும், தவத்திலிருக்கும் சிவனும், எரியும் காமனும் வரும் அந்தக் கூத்தை ஒரு தோட்டம் முழுவதும் சேர்ந்து நடத்துகின்றது. பகலில் மலைக்குப் போனவர்கள் இரவில் வேடம் கட்டுகின்றார்கள். தப்பு அடிக்கின்றவர் யார், ரதி வேடம் எந்தக் குடும்பத்துக்கு உரியது, கங்காணி காலத்தில் யாருக்கு முதல் மரியாதை இருந்தது, இன்று அது யாரிடம் இருக்கின்றது என்பவற்றிலெல்லாம் தோட்டத்தின் சாதியும் வர்க்கமும் வரலாறும் பொதிந்து கிடக்கின்றன. கூத்தைப் புகழ்ந்தால் மட்டும் போதாது, அதற்குள்ளே இருக்கும் மேல் கீழையும் காட்ட வேண்டும். இல்லையேல் நாமும் இன்னொரு 'தெய்வீகக் கிராமத்தை'ப் படைத்தவர்களாவோம்.

லுணுகலைப் பக்கத்து ஆசிரியர் எவரேனும் இதற்கு முனைவாராயின் எமது யோசனை ஒன்றுதான். காமன் எரியும் இரவுக்கு மாத்திரம் போய் நின்றால் தீயும் கூட்டமும் கிடைக்கும். நல்ல படமும் கிடைக்கும். அமாவாசை கழிந்து காமன் பொட்டலில் கம்பம் நாட்டும் நாளிலேயே தொடங்க வேண்டும். ஒத்திகைக்கு வருபவர் அன்று எந்த மலையில் நின்றார், எத்தனை கிலோ நிறுத்தார், எத்தனை மணிக்குக் காம்பராவுக்குத் திரும்பினார் என்று முதலில் அவரிடமே கேட்டு, அந்தக் குரலைப் பதிவு செய்துவிட்டுப் பிறகு வேடத்தைப் படம் பிடிக்கலாம்.